நம்பர் குத்திய மூலை

டிப்ளமா முடித்த மூன்றாம் மாதமே அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை கிடைத்துவிட்டது. இரும்பைப் பழுக்கக் காய்ச்சி, எண்ணெயில் முக்கிக் கடினமாக்கும் சின்னப் பட்டறை. மொத்தம் ஒன்பது பேர். பெண் நான் ஒருத்திதான். சரக்கைப் பரிசோதிப்பது என் வேலை. பருத்திப்பட்டிலிருந்து பஸ்ஸில் வரும்போதே அன்றைக்கு யாரிடம் எதைக் கேட்பது என்று யோசித்துக்கொண்டு வருவேன்.

எண்பதுகளின் கடைசி அது. நான் சேர்ந்த சமயத்தில் புது ஆர்டர் ஒன்று வந்தது: விரல் நீள ஷாஃப்டுகள், ஒரு பாதி தடித்தும் மறு பாதி மெலிந்தும் இருக்கும் இரும்புத் தண்டுகள். எது எந்தத் தட்டில் வெந்தது என்று பிறகு தெரியவேண்டுமே? பெயின்டில் எழுதினால் உலையில் எரிந்துபோகும். அதனால் உலைக்குப் போகும் முன்பே எண் அச்சை வைத்துச் சுத்தியலால் ஓர் அடி, நம்பர் குத்திவிடலாம் என்றேன். முதலாளிக்குப் பிடித்துப்போயிற்று. எங்கே குத்துவது? ஷாஃப்டின் தடித்த பாகத்தையும் மெலிந்த பாகத்தையும் பிறகு சாணை பிடிப்பார்கள், நம்பர் அழிந்துவிடும். இரண்டும் சேரும் மூலையிலும் சின்ன முனையிலும் மட்டும் சாணைக்கல் படாது. மூலையிலேயே குத்தினேன், பளிச்சென்று தெரியட்டும் என்று ஆழமாக.

மூன்று வாரத்தில், சரக்கு வாங்கியவர்கள் ஒரு பெட்டியைத் திருப்பி அனுப்பினார்கள். மயிரிழை போல விரிசல்.

முதலாளி நேராக உலைக்காரரிடம் போனார். சேக்காட்டுக்காரர், முப்பது வயதிருக்கும், வாய் ஓயாது.

“உன் கை அவசரம்தான் காரணம். சனிக்கிழமைக்குள்ள இது நிக்கலேன்னா திங்கக்கிழமை நீ வரவேணாம்” என்ற முதலாளி, என் பக்கம் திரும்பினார். “ஏம்மா, நீயும் என்னன்னு பாரு.”

எனக்கு உள்ளுக்குள் சந்தோஷம்தான். பாடப் புத்தகத்தில் இருந்த விரிசல் கையிலேயே வந்துவிட்டதே! உலைக்காரருக்கு அது வேலை போகிற விஷயம் என்பது அப்போது என் மண்டையில் முழுதாக ஏறவில்லை.

எண்ணெயில் ஆரம்பித்தேன். மழைக்காலம், கூரை ஒழுகித் தண்ணீர் கலந்திருந்தால் அந்த இடத்தில் இரும்பு திடீரென்று குளிர்ந்து விரிசல் விடலாம். குனிந்து மோந்து பார்த்தேன்.

“இன்னா மேடம், கொயம்பா இது? உப்பு கீதா பாக்குற?” என்றார் உலைக்காரர்.

சூடான தகட்டில் ஒரு சொட்டு விட்டேன். தண்ணீர் இருந்தால் பட்பட்டென்று வெடித்திருக்கும், புகைந்ததோடு சரி. எண்ணெய் ரொம்பக் குளிர்ந்திருக்குமோ என்று மறுநாள் வெதுவெதுப்பாக்கி முக்கச் சொன்னேன். விரிசல் குறைந்தது, நிற்கவில்லை. முக்கி எடுத்ததை உடனே மறுபடி சூடேற்றிப் பதப்படுத்தாவிட்டாலும் விரிசல் விடும். அதைச் செய்யாமல் டீ குடிக்கப் போய்விடுகிறாரோ என்று கடிகாரத்தோடு பின்னாலேயே அலைந்தேன்.

“பாத்ரூமுக்கும் வருவியா மேடம்?”

வெள்ளிக்கிழமை வேறு வழி தெரியாமல், ஷாஃப்டுகளை மண்ணெண்ணெயில் ஊறவைத்துத் துடைத்து, சாக்பீஸ் தூள் பூசிவைத்தேன். விரிசலுக்குள் புகுந்த மண்ணெண்ணெய் மெல்லக் கசிந்து வெள்ளைத் தூளில் ஈரக்கோடாகத் தெரியும். கோடுகள் வந்தன. இத்தனை நாள் விரிசல் இருக்கிறதா என்றுதான் பார்த்திருந்தேன். எங்கே தொடங்குகிறது என்று பார்த்தது அன்றைக்குத்தான். ஒவ்வொரு கோடும் நம்பரிலிருந்து கிளம்பியது. ஒன்று, நான்கு, ஏழு என்று கூர் உள்ள எண்ணாக இருந்தால் அதன் முனையிலிருந்தே.

ஷாம்பு பாக்கெட்டின் ஓரத்தில் சின்ன வெட்டு இருக்குமே, அது ஞாபகம் வந்தது. வெட்டில்லாத பக்கம் எவ்வளவு இழுத்தாலும் வழுக்கும். வெட்டில் பிடித்தால் சர்ரென்று கிழியும். எண்ணெயில் விழுந்த இரும்புக்குள்ளும் ஒரு பக்கம் முன்னாலும் ஒரு பக்கம் பின்னாலும் குளிர்வதால் இழுபறி நடக்கிறது. மூலையிலேயே அந்த இழுப்பு அதிகம். போதாததற்கு நான் அங்கே ஒரு வெட்டும் போட்டுக் கொடுத்திருந்தேன்.

துணி கையில் இருந்தது. ஒரு துடைப்பில் தூள் போய்விடும், யாருக்கும் தெரியாது. உலைக்காரர் அந்தப் பக்கம் தட்டை அடுக்கிக்கொண்டிருந்தார். துணியை வைத்துவிட்டு முதலாளி அறைக்குப் போனேன்.

சனிக்கிழமை காலை சோதனைக்கு இருபது ஷாஃப்டுகள். பத்தில் நம்பர், பத்தில் இல்லை. ஒரே உலை, ஒரே எண்ணெய், ஒரே தட்டு, முக்கி எடுத்தவரும் அதே உலைக்காரர். தூள் பூசிவிட்டு எல்லோரும் சுற்றி நின்றோம். நம்பர் குத்திய பத்தில் நான்கில் கோடு விழுந்தது. குத்தாத பத்தும் சுத்த வெள்ளை.

“அப்போ இவன் மேல தப்பில்ல?” என்றார் முதலாளி.

“இல்ல சார். நான் குத்தின நம்பர்தான்.”

“இனிமே?”

“கடினமாக்கின பிறகு, முனையில, இரும்புல கீறுற எலக்ட்ரிக் பேனாவால மேலாக எழுதறேன். ஷாஃப்டைக் கடைஞ்சு அனுப்பறவங்ககிட்ட அந்த மூலையையும் கூரா விடாம வளைவா எடுக்கச் சொல்லணும்.”

உலைக்காரர் என்னைப் பார்த்தார். “அஞ்சு நாளா என்னிய எண்ணெயில முக்கி முக்கி எடுத்தியே மேடம்!”

எல்லோரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. கையைத் துடைத்துக்கொண்டே முதலாளியிடம் கேட்டார்: “திங்கக்கிழம வர்லாம்ல சார்?”

“ஆறு மணிக்கே வந்து உலையப் பத்தவை. மொத்தப் பெட்டியும் புதுசாப் போடணும்.”

“மேடமும் ஆறு மணிக்கா?”

“நானும்தான்” என்றேன்.