படம் பிடிக்க வந்தவரும் ஒரு தட்டு வெற்றிலையும்

எனக்கு எழுத்து கோணல்மாணலாகத்தான் வரும். பாதி மறந்தும் போகும். நாலாங்கிளாஸோடு நின்றவள்... பொறுத்துக்கொள்ளுங்கள்.

போன வாரம் பரமத்தி வேலூரில் எங்கள் தோட்டத்துக்கு ஒருவர் காமிராவோடு வந்தார். மதராஸ்காரர். சினிமாவா என்றால், இல்லையாம். பாட்டு கிடையாது, ராஜா வேஷம் கிடையாது. ஜனங்கள் சாப்பிடுவது, பாடுபடுவது, சண்டை போடுவது — அப்படியே பிடிப்பாராம். இந்த தேசத்து மனுஷர்கள் யார் என்று காட்டப் போகிறாராம். அதற்கு நாங்களா கிடைத்தோம்?

வெற்றிலைக் கொடிக்காலில் நாள் முழுக்க உட்கார்ந்து பார்த்தார். தெருத்தெருவாகவும் போய், கண்ணில் பட்டவரை எல்லாம், "உங்க நாடு எது?" என்று கேட்டார்.

என் வீட்டுக்காரர் கதர்க்காரர். "பாரத தேசமுங்க!" என்றார், நெஞ்சை நிமிர்த்தி.

அடுத்த தெருவில் இருக்கிற சம்பந்தியோ, "அது அவுங்களுக்கு. எங்களுக்குத் தனி நாடு வேணுமுங்க" என்றார்.

இந்த இரண்டு தேசத்துக்கும் நடுவே மாட்டிக்கொண்டவள் என் கடைசி மகள். ஒன்பதாம் மாசம், தலைப்பிரசவம். நாங்கள் கட்டுச்சோறு கொண்டுபோய், விருந்து வைத்து, பிரசவத்துக்குக் கூட்டி வரவேண்டும். அதற்கு முன்னால் இவர் வெற்றிலைத் தட்டை நீட்டணும், சம்பந்தி எடுக்கணும். எடுத்தால்தான் சம்மதம். எலெக்‌ஷன் சண்டைக்கு அப்புறம் இவர் நீட்டவும் மாட்டேன் என்கிறார், அவர் எடுக்கவும் மாட்டேன் என்கிறார். பெற்றவளுக்கு எப்படிச் சோறு இறங்கும்?

இவரைப் படம் பிடிக்கிறார்கள் என்று கேள்விப்பட்டதும் சம்பந்தி துண்டை உதறிப் போட்டுக்கொண்டு வந்துவிட்டார்.

"ஏனுங்க, படம் பாக்கறவன் இந்த ஊர்ல கதர்க்காரன் மட்டுந்தான் குடியிருக்கறான்னு நெனைக்கறதுக்கா?"

படக்காரருக்கு ஒரே குஷி. இருவரையும் கொடிக்கால் ஓரத்தில் நிறுத்தினார். "இங்கே எல்லாரும் வெத்தலை குடுத்து வாங்கறதைப் பார்த்தேன். சும்மா படத்துக்கு... நீங்க தட்டை நீட்டுங்க, அவர் எடுத்துக்கட்டும்."

காமிரா கடகடத்தது. இவர் நீட்டினார். அவர் எடுத்தார். வெற்றிலை கிள்ளுகிற ஆட்களெல்லாம் வேலையை விட்டு வேடிக்கை பார்த்தார்கள்.

மோர்ச்சொம்போடு ஒதுங்கி நின்ற எனக்கு எங்கிருந்து தைரியம் வந்ததோ...

"வெத்தலை கை மாறிப்போச்சுங்களே! புதன்கிழமை கட்டுச்சோறு கொண்டு வாரோமுங்க."

"அட, இது படத்துக்கு!" என்று பதறினார் என் வீட்டுக்காரர்.

சம்பந்தி கையிலிருந்த வெற்றிலையைப் பார்த்தார். சுற்றி நின்ற ஆட்களைப் பார்த்தார். இத்தனை பேர் முன்னால் திருப்பி வைக்க முடியுமா?

"வாங்குனது வாங்குனதுதான் தங்கச்சி. பொய்க்கு வெத்தலை எடுக்கற வழக்கம் எங்க ஊட்டுல இல்லை. உங்க ஊட்டுல எப்படியோ... மச்சானைக் கேளுங்க."

இவர் தட்டை என் கையில் கொடுத்துவிட்டு மோர்ச்சொம்பை வாங்கிக்கொண்டார்.

"வெளிச்சம் பத்தலை. இன்னொரு தடவை..." என்றார் படக்காரர்.

"இன்னொருக்கா எடுத்தா அது அடுத்த பிரசவத்துக்குச் சாமி!" என்றார் சம்பந்தி.

தேசத்து மனுஷர்கள் யாரென்று படக்காரர் கண்டுபிடித்தாரோ என்னவோ. ஒரே நாடு என்கிறவரும் தனி நாடு என்கிறவரும் வெற்றிலைக்கு ஒரே மாதிரிதான் பயப்படுகிறார்கள் — நான் கண்டுபிடித்தது இதுதான்.

இதை எழுதும்போது மகள் என் பக்கத்தில்தான் படுத்திருக்கிறாள்.

கிழமையோ பேச்சோ பிசகியிருந்தால் யாராவது விசாரித்துச் சரிபாருங்கள். ஆனால் சம்பந்திகள் இருவரையும் ஒன்றாக உட்காரவைத்து மட்டும் கேட்காதீர்கள் — முதலில் குழந்தை பிறக்கட்டும்!