எஸ்தோனிய இயக்குநரும் பேசாத பெண்ணும்

எண்பதுகளில், மொன்றியலில் ஒரு குளிர்காலம் முழுக்க நான் ஒரு தொலைக்காட்சி இயக்குநருக்கு மொழிபெயர்ப்பாளராக இருந்தேன். அவர் எஸ்தோனியப் பெண், ஐம்பதைத் தொட்டிருப்பார். சிறுமியாக, இரண்டாம் உலக யுத்தத்துக்குத் தப்பி, தாயோடு மீன்பிடிப் படகில் சுவீடனுக்குப் போனவர். அங்கிருந்து கனடா. இப்போது இலங்கையிலிருந்து புதிதாய் வந்திறங்கிய எங்களைப் பற்றிப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்.

ஒருநாள் மட்டக்களப்புப் பெண் ஒருத்தியின் வீட்டில் படப்பிடிப்பு.

"எப்பிடி வந்தனீங்கள் எண்டு கேக்கிறா," என்றேன்.

அவள் வாயைத் திறந்தாள், மூடினாள். பிறகு கமெராவை மறந்தவள்போல யன்னல் பக்கம் திரும்பிவிட்டாள். அடுப்பில் கொதித்த தேநீர்க் கேத்திலின் ஆவி அவள் முகத்தைத் தடவிக்கொண்டு போனது. வெளியே பனி இறங்கிக்கொண்டே இருந்தது. அந்த வீடு மெல்ல அவிழ்ந்து எங்கோ மிதந்து போவதுபோல எனக்குத் தோன்றியது. இயக்குநர் கமெராவை நிறுத்தச் சொல்லவேயில்லை.

பிறகு எடிட்டிங் அறைக்கும் போனேன். பிலிம் துண்டுகள் கொடியில் தொங்கி விளக்கில் மின்னின. இயக்குநர் இளவயதில் இப்படியொரு அறைக்குப் பிலிம் ஒட்டத்தான் வந்தாராம். வருசக்கணக்காக ஆண்கள் எடுத்ததை வெட்டி ஒட்டினார். பெண்ணுக்கு இது போதும் என்று சிறுவர் நிகழ்ச்சியொன்றை இயக்கக் கொடுத்தார்கள். பிள்ளைகளோடு பெரியவர்களும் உட்கார்ந்து அதைப் பார்க்கவே, நாடகங்கள் கிடைத்தன.

தயாரிப்பாளர் வந்து பார்த்தார். "ஒருத்தரும் பேசாத இந்த இடத்தை வெட்டிவிடுங்கள்," என்றார்.

"மாட்டேன்," என்றார் இயக்குநர். "படகில் நான் அழுதுவிடாதபடி அம்மா என் வாயைப் பொத்தியிருந்தார். அந்தப் பயணத்தில் எனக்கு நினைவிருப்பது அந்த மௌனம் மட்டும்தான். அதை இப்போதுதான் முதல் தடவையாகப் படம் பிடித்திருக்கிறேன்."

தயாரிப்பாளர் இன்னொரு தரம் போடச் சொன்னார். பார்த்துவிட்டு, இருக்கட்டும் என்று கையைக் காட்டிவிட்டுப் போனார்.

ஒளிபரப்பான அன்று அந்தப் பெண்ணின் வீட்டில் எல்லோரும் நிலத்தில் அமர்ந்து பார்த்தோம். அந்த இடம் வந்தபோது அவளுடைய மகள் பிரெஞ்சில் ஏதோ கேட்டாள். தாய்க்கு விளங்கவில்லை என்றதும் தமிழில் திருப்பிக் கேட்டாள்: "அம்மா, அங்க என்னத்தைப் பாக்கிறீங்கள்?"

"நான் வந்த கடலை," என்றாள் அவள். "வா, சொல்லுறன்." படம் முடிந்த பிறகும் சொல்லிக்கொண்டேயிருந்தாள்.

சில வருசம் கழித்து இயக்குநருக்கு, அப்போது சோவியத்தின் பிடியில் இருந்த எஸ்தோனியாவுக்குப் போக அனுமதி கிடைத்தது. கமெராவோடு போய், அன்று படகேறிய கரையோர ஊரைப் படமெடுத்துக்கொண்டு வந்தார். பழைய ஆட்கள் யாராவது இருந்தார்களா என்று கேட்டேன்.

"ஒருத்தரும் இல்லை," என்றார். "ஆனால் இப்போது அங்கே இருப்பவர்கள் என் மொழியில் பேசிக்கொண்டிருக்கும்போது, எந்தச் சொல்லில் சிரிப்பு வரும் என்று எனக்கு முன்கூட்டியே தெரிந்தது. இங்கே பிற மொழியில் எத்தனையோ நாடகம் எடுத்தேன், அது ஒருநாளும் தெரிந்ததில்லை."