சுவரில்லாத கதவு

ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு சர்ச் ஹாலில் நாங்கள் போட்ட நாடகத்தில், மேடைமேல் ஒரு கதவு மட்டும்தான். சுவர் கிடையாது. மனைவி வெளியே நின்று தட்டுவாள். கணவன் உள்ளே நின்று யாரென்று கேட்பான். சுற்றி நடந்தால் உள்ளே வந்துவிடலாம், வரமாட்டாள். கடைசியில் தட்டுவதையும் விட்டுவிடுவாள். கதவுக்கு இந்தப் பக்கம் கணவனாக நான், அந்தப் பக்கம் மனைவியாக நடித்த என் தோழி, சும்மா நிற்போம். பார்ப்பவர்களிடமிருந்து முதலில் சிரிப்பு வரும், பிறகு இருமல், பிறகு ஹாலின் பழைய ஃபேன் சத்தம் மட்டும். அந்த நேரத்தில் அவள் மூச்சு விடுவது எனக்குக் கேட்கும். அதற்காகவே நடித்தேன்.

அவள் வேலை கிடைத்து ஜெர்மனி போன பிறகுதான், அந்த நாடகத்தை டிவிக்கு எழுதித் தரும் வாய்ப்பு வந்தது. போனில் அவள் கேட்டது ஒன்றே ஒன்று.

"டேய், நாம சும்மா நிப்போமே, அது இருக்குமா?"

"அது இல்லாம எப்படிடி?" என்றேன், யோசிக்காமல்.

தயாரிப்பாளர் சுவர் கேட்டார். வாதாடித் தடுத்தேன். மௌனத்தில் தோற்றேன்.

"சத்தமே இல்லன்னா டிவி ரிப்பேர்னு கேபிள்காரனுக்குப் போன் போடுவாங்க ப்ரோ. ஒரு புல்லாங்குழல் விட்டுக்கலாம்."

"அந்த இடத்துல ஒரு ஃபீல் இருக்கு சார்."

"அதுக்குத்தான் புல்லாங்குழல்."

அவளிடம் இதைச் சொல்லவில்லை.

ஒக்கலிபுரத்தில் ஒரு குடோனில் படப்பிடிப்பு. கணவனாக நானே, அவள் வேடத்தில் ஒரு சீரியல் நடிகை. நன்றாகவே தட்டினார். நிறுத்தியதும் மறுபக்கத்து மூச்சுக்குக் காது கொடுத்தேன்; அதற்குள் கட் சொல்லிவிட்டார்கள்.

நடிகை கிளம்பிவிட்டார். மற்றவர்கள் கலையும்போது கன்னடக்கார ஒலிப்பதிவாளர் கை தூக்கினார்.

"எல்லாரும் சும்னிரி, சும்மா இருங்க. ரூம் டோன்."

எடிட்டிங்கில் வசனங்களுக்கு அடியில் போட, அந்த இடத்தின் வெறும் சத்தத்தைத் தனியாகப் பிடித்து வைப்பது அவர்கள் வழக்கம். அதுவரை யாரும் அசையக்கூடாது. டீ குடிக்கப் போனவர் கிளாஸோடு நின்றார். நான் கதவருகே இருந்தேன். தூரத்தில் ஒரு ரயில். கதவுக்கு அப்பால் யாருமில்லை என்று தெரியும். காது அங்கேயே போனது.

அந்தப் பதிவைக் கேட்டு வாங்கி அவளுக்கு அனுப்பினேன். "டிவில இது வராது. ஆனா நின்னோம்" என்று எழுதினேன்.

மறுநாள் பதில் வந்தது. "முழுசும் கேட்டேன். நீ எங்கடா நின்ன?"

"கதவுக்கு உள்ள."

அவள் டைப் செய்வதாகத் திரை காட்டியது. நின்றது. மறுபடி காட்டியது, மறுபடி நின்றது. நான் எதுவும் அனுப்பவில்லை. போனைக் கீழே வைக்கவும் இல்லை.