சரஸ்வதி பூஜைக்குக் கூட்டிய அறை

கடல் தாண்டி வந்து லாசாலில் மகளோடு நான் குடியிருக்கும் கட்டடத்து லிஃப்டில் நேற்றுக் காலை நகப்பூச்சு அழிக்கும் திரவத்தின் வாடை. மூன்றாம் மாடி சுகந்தி, யாழ்ப்பாணத்துப் பெண், கையில் பஞ்சோடு நின்றிருந்தாள். வேலைக்கு ஓடும் அவசரத்தில் அவளுக்கு எல்லாம் லிஃப்டில்தான் நடக்கும்.

"என்ன அன்ரி, வரேல்லையோ?"

"நீ போம்மா, நான் அடுத்ததுல வரேன்."

அந்த வாடை இருந்தால் நான் உள்ளே ஏறமாட்டேன். பம்பாயில் முப்பத்தைந்து வருடம் இந்திப் படங்களை வெட்டி ஒட்டியவள் நான். பிலிம் ஒட்டும் பசைக்கும் இதே வாடைதான். என் இந்தியைக் கேட்டால் மாட்டுங்காவில் பால்காரர்கூடச் சிரிப்பார். ஆனால் எந்த நடிகர் எங்கே மூச்சு விடுவார் என்று எனக்குத் தெரியும், அதை வைத்தே பிழைத்தேன்.

ஒரு படத்தில் வயதான நடிகர் ஒருவர் ரயிலேறுமுன் திரும்பிப் பார்ப்பார். படம் நீளம் என்று அந்தத் துண்டை எடுத்தேன். பிரதியில் மட்டுமல்ல, மூலமான நெகட்டிவிலும் வெட்டியாயிற்று. வெட்டிய நெகட்டிவைப் படம் வெளியாகும்வரை பத்திரமாக வைத்திருக்க வேண்டும். ஆனால் குறுக்கே சரஸ்வதி பூஜை வந்துவிட்டதே! எடிட்டிங் மெஷினுக்குச் சந்தனம் குங்குமம் வைக்குமுன் அறை பளிச்சென்று இருக்க வேண்டும் எனக்கு. மூலையில் வெட்டுத் துண்டுகள் கிடந்த பைகளையெல்லாம் பழைய பிலிம் வாங்குகிறவனிடம் அள்ளிக் கொடுத்தேன். அதை உருக்கி வளையல் செய்வார்களாம்.

பூஜை முடிந்த நான்காம் நாள் அந்த நடிகர் மாரடைப்பில் போய்விட்டார். சாயங்காலமே டைரக்டர் போன் செய்தார். அந்தப் பார்வையைத் திரும்பச் சேர்க்க வேண்டும், ப்ரிவியூவுக்கு அவருடைய மனைவி வருகிறார் என்றார். சரி என்றேன்.

அந்தத் துண்டைக் கேட்டதும், நெகட்டிவ் வெட்டும் கண்ணன் வெள்ளைக் கையுறையைக் கழற்றாமலே நின்றார்.

"மேடம், அந்தப் பை போயிடுச்சு. நீங்கதானே எடுத்துட்டுப் போகச் சொன்னீங்க?"

நெகட்டிவ் ஒன்றுதான், போனால் போனது. விஷயம் தெரிந்தால் அப்புறம் எவன் என்னை நம்பி ஒரு அடி பிலிம் தருவான்? லேபில் அதே காட்சியை இன்னொரு முறை எடுத்த டேக் ஒன்று இருந்தது, டைரக்டர் வேண்டாமென்று ஒதுக்கியது. அதில் அந்த மனிதர் திரும்புவார், அடுத்து என்ன செய்வதென்று மறந்துபோய் ஒரு கணம் பயந்து விழிப்பார். அதையே ஒட்டினேன். யாரிடமும் சொல்லக்கூடாதென்று கண்ணனிடம் சத்தியம் வாங்கிக்கொண்டேன்.

ப்ரிவியூவில் டைரக்டருக்குப் பக்கத்து இருக்கை எனக்கு. அந்தப் பார்வை வந்தது. நடிகரின் மனைவி விம்மி அழுதார். சாவைப் பார்த்துவிட்ட கண் என்று பின்னால் யாரோ முணுமுணுத்தார்கள். டைரக்டர் திரும்பி என்னை ஒரு முறை பார்த்தார், பிறகு திரைப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அதன் பிறகு அவருக்கு ஒன்பது படம் வெட்டினேன். அவர் என் அறைக்குள் வரும்போதெல்லாம், இன்றைக்குக் கேட்டுவிடுவார் என்று மெஷினை விட்டுத் தலை நிமிரமாட்டேன். கேட்கவே இல்லை.

அந்த ஸ்டுடியோ இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி. கண்ணன் போய்ச் சேர்ந்து பல வருடம். போன மாதம் டைரக்டரும் காலமானார் என்று மகள் பத்திரிகையில் வாசித்துச் சொன்னாள். அப்பாடா என்றிருக்கும் என்று நினைத்தேன். பயம் போகவில்லை. அது வேறு டேக் என்பது தெரிந்துதான் என்னை விட்டுவைத்தாரா என்று கேட்கத்தான் இனி ஆளில்லை.