படுதாவுக்குப் பின்னால் பார்த்த பாதிப் படம்

வெயிலுக்காக ஜன்னலில் கட்டி நனைத்த சாக்கு, வெற்றிலை, யாரோ பூசிவந்த அத்தர், இந்த மூன்றும் கலந்த வாசனை மூக்கில் ஏறினால் போதும், எனக்கு இன்றைக்கும் தலைக்கு மேலே ஒரு வெளிச்சக் குழாய் நீண்டு போவது தெரியும். அதற்குள் தூசி பொன்னாகச் சுழன்றுகொண்டிருக்கும். எனக்கு எழுத்துக் கூட்டத் தெரியாது. நான் சொல்லச் சொல்ல என் பேத்திதான் எழுதுகிறாள். நடுவே "நன்னி, கதைக்கு வா" என்று விரட்டவும் செய்கிறாள். வருகிறேன்.

நாங்கள் மயிலாப்பூரில் குளத்தை ஒட்டிய ஒரு சந்தில் இருந்தோம். அத்தா தையல்காரர். அக்கா மெஹருவுக்கு நிக்காஹ் பேசி முடித்திருந்த சமயம் அது. மாப்பிள்ளை தியாகராய நகரில் பொத்தானும் லேசும் விற்கும் கடைக்காரர். அவரை அத்தா பார்த்திருந்தார், அம்மா பார்த்திருந்தாள், எங்களோடு இருந்த சித்தி முறையான சாச்சியும் அவள் புருஷன் சாச்சாவும்கூடப் பார்த்திருந்தார்கள். கட்டிக்கொள்ளப் போகிறவள்தான் பார்க்கவில்லை.

"எல்லாருக்கும் கண்ணு கீது, எனக்கு மட்டும் இல்லியா? மூஞ்சியப் பாக்காம நான் சம்மதம் சொல்ல மாட்டேன். சபையில வந்து கேக்கட்டும், வாயே தொறக்க மாட்டேன்" என்றாள் அக்கா.

பெண் வாயால் சம்மதம் வராமல் நிக்காஹ் நடக்காது. அத்தாவுக்குக் கத்திரிக்கோல் கையிலேயே நின்றுவிட்டது. "ஆம்பளைக்கு மூஞ்சி இன்னாத்துக்கு? கடைய எப்பிடி வச்சிக்கினு கீறான் தெரியுமா?" என்றார். அக்கா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

சாச்சிதான் வழி கண்டுபிடித்தாள். ஊரே பேசிக்கொண்டிருந்த ஒரு பாட்டுப் படம் பக்கத்து தியேட்டருக்கு வந்திருந்தது. ஞாயிறு மேட்னிக்கு சாச்சா மாப்பிள்ளையைக் கூட்டிவந்து கீழே உட்கார வைப்பார், மாப்பிள்ளை வான நீலச் சட்டை போட்டிருப்பார், நாங்கள் மேலே "கோஷா"வில் இருந்துகொண்டு இடைவேளையில் படுதாவின் இடுக்கு வழியாகப் பார்த்துக்கொள்ள வேண்டியது. சாச்சா வாய் ஓட்டை, மாப்பிள்ளையிடமும் விஷயத்தைச் சொல்லிவிட்டார்.

கோஷா என்பது அந்நாளில் முகம் மூடும் பெண்களுக்கென்று மாடியில் விட்டிருந்த அடைப்பு. முன்னால் கனத்த சிவப்புப் படுதா தொங்கும். விளக்கு அணைந்த பிறகுதான் அங்கே காவலுக்கு இருக்கும் ஆயா கயிற்றை இழுத்து அதைத் திறப்பாள், விளக்கு எரிவதற்கு முன்னால் மூடிவிடுவாள். இருட்டில் நாங்கள் உலகத்தைப் பார்க்கலாம், உலகம் எங்களைப் பார்க்க முடியாது.

படுதா திறந்ததும் நான் அக்காவையும் மாப்பிள்ளையையும் மறந்தே போனேன். கதாநாயகியின் ஒரு கண் எங்கள் வீட்டு ஜன்னல் அளவு இருந்தது! அவள் இமைத்தால் கொட்டகை முழுக்க வெளிச்சம் போய் வந்த மாதிரி இருந்தது. கதை இதுதான்: அவள் ரேடியோவில் பாடுகிறவள். அந்தக் குரலில் மயங்கி ஒருவன் தேடிவந்து அவள் வீட்டு மாடியிலேயே குடியேறுகிறான். ஆனால் பாடுவது அவளுடைய பருத்த அத்தை என்று நினைத்து, அத்தைக்குத் தினமும் பூ வாங்கிக்கொண்டு போகிறான். அத்தை வெட்கப்பட்டபோது சாச்சி சிரித்த சிரிப்பில் வெற்றிலைச் சாறு என் பாவாடையில் தெறித்தது. கறை கடைசிவரை போகவில்லை. சரி, வருகிறேன்.

மொட்டை மாடியில் துணி உலர்த்தியபடி அவள் பாடுகிறாள், அவன் படியேறி வருகிறான், இதோ உண்மை தெரியப்போகிறது என்று நாங்கள் மூச்சுவிடாமல் இருந்தபோது அவள் திறந்த வாய் திறந்தபடி நின்றது. கன்னத்தில் ஒரு பழுப்புப் பொத்தல் விழுந்து, அது பெரிதாகி, முகமே எரிந்துபோனது. பிலிம் அறுந்துவிட்டது. சட்டென்று எல்லா விளக்கும் எரிந்தன. படுதாவோ திறந்து கிடந்தது, ஆயா டீ குடிக்கப் போயிருந்தாள்!

ஒரே அலறல். ஒருத்தி கைக்குழந்தையைத் தூக்கி முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டாள். கீழே விசில் பறந்தது, அத்தனை தலையும் மேலே அண்ணாந்தது, சாச்சாவின் தலை உட்பட. வான நீலச் சட்டை மட்டும் திரும்பவில்லை. அது கையை நீட்டிச் சாச்சாவின் தாடையைப் பிடித்து முன்பக்கம் திருப்பியது.

"இன்னா மாமா, அங்க இன்னா வேடிக்கை? படம் இந்தாண்ட கீது!"

"படந்தான் அறுந்துபோச்சேடா! எங்கடா கீது?"

கொட்டகையே சிரித்தது. அவர் அசையாமல் வெள்ளைத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஆயா ஓடிவந்து கயிற்றை இழுக்கும்வரை அக்கா கண்டதெல்லாம் எண்ணெய் வைத்துச் சீவிய ஒரு பின்னந்தலையும் விறைத்த இரண்டு காதுகளும்தான்.

பயந்துபோன சாச்சி மீதிப் படம் பார்க்க விடாமல் எங்களை ரிக்ஷாவில் ஏற்றிவிட்டாள். "ஐயோ, மூஞ்சி தெரியலியேடி" என்று வழியெல்லாம் புலம்பினாள்.

"பரவால்ல சாச்சி," என்றாள் அக்கா. "இதுவே போதும்."

நிக்காஹ் அன்று சம்மதம் கேட்க வந்தவர் முழுதாகக் கேட்டு முடிப்பதற்குள் அவள் பதில் சொல்லிவிட்டாள். பெண்கள் கூட்டம் இன்னும் அதைச் சொல்லிச் சிரிக்கிறது.

இப்போது அந்தத் தியேட்டர் இருந்த இடத்தில் அடுக்கு வீடுகள். கோஷா என்றால் பேத்திக்கு நான் விளக்க வேண்டியிருக்கிறது. அக்காவும் மச்சானும் கொட்டிவாக்கத்தில் மகன் வீட்டில் இருக்கிறார்கள். படம் எப்படி முடிந்தது என்று அக்கா இத்தனை காலமும் மச்சானைக் கேட்டுக்கொண்டே இருந்தாள், அவரும் ஒவ்வொரு தரமும் ஒவ்வொரு விதமாய்ச் சொல்லுவார். போன மாதம் பேத்தி போனில் தேடிப் பார்த்தாள். ஒரு போஸ்டர் கிடைத்தது. படம் எங்கேயும் இல்லையாம், பிரதியே அழிந்துபோனதாம். அக்கா மச்சானைப் பிடித்துக்கொண்டாள்.

"இனிமே நீங்கதான் சாட்சி. நெசமாச் சொல்லுங்க, எப்பிடி முடிஞ்சிச்சி?"

மச்சான் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நான் எங்க பாத்தேன்? வெளிச்சத்துல திரும்புனா என் மூஞ்சியப் பாத்துட்டு நீ வேணாம்னு சொல்லிடுவியோன்னு பயம். லைட்டு அணைஞ்சப்புறம் தைரியம் வந்து, கடைசி வரிக்கும் உங்க பக்கந்தான் திரும்பி உக்காந்துக்கினு இருந்தேன். நீங்க எழுந்து போனது எனக்கு எங்க தெரியும்?"

"அப்ப இத்தினி வருசமா சொன்னதெல்லாம்?"

"நீ கேட்டுக்கினே இருந்த. நானும் கட்டி வுட்டுக்கினே இருந்தேன்."

அக்கா முக்காட்டை இழுத்து வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தாள். பிறகு நாற்காலியை அவர் பக்கம் நகர்த்திப் போட்டாள்.

"சரி, இன்னொரு முடிவு சொல்லுங்க."