பதினோரு கைரேகைகள்

எழுபதுகளின் தொடக்கத்தில் அடையாற்றங்கரைக் குடிசை ஒன்றில் இருந்தேன். பக்கத்துக் குடிசை அக்கா சித்தாள். அவளுடைய தம்பி குடித்துவிட்டுச் சண்டையில் ஒருவனைக் குத்திக் கொன்றவன். தூக்கு உறுதியாகியிருந்தது.

நான் எட்டாவதோடு நின்றவன், எந்த வேலையிலும் ஆறு மாதம் தங்காதவன். ஆனால் அந்தக் குடிசை வரிசையில் எழுதத் தெரிந்தவன் நான் மட்டும்தான். மயிலாப்பூரில் ஒரு வக்கீல் குமாஸ்தா கருணை மனுவைத் தட்டச்சு செய்து கொடுத்தார். "நூறு பேராவது கையெழுத்துப் போட்டா டெல்லில கொஞ்சம் யோசிப்பா" என்றார்.

தியாகராய நகர் ஜவுளிக்கடை ஒன்றுக்கும் போனோம்.

"உன் மாடிக்குக் கல்லு தூக்கினவ நான், மொதலாளி. ஒரு கையெழுத்து போடேன்."

"கொலகாரப் பயலுக்கா? நாளைக்கு போலீசு என்னையில்லா வந்து கேக்கும்!"

"உன்ன தூக்குல போட மாட்டாங்க, பயப்படாத!" அக்கா கத்தினாள். கடை ஆட்கள் சிரித்துவிட்டார்கள். அவர் போடவில்லை.

கையெழுத்தும் கைநாட்டுமாக எண்பத்தொன்பது சேர்ந்தது. மறுநாள் காலை கிண்டியில் லாரி ஏற வேண்டும், கிளீனர் வேலை. எங்கள் வரிசையில் மீதிப் பதினோரு பேர் வீட்டில் இல்லை. காத்திருக்க எனக்குப் பொறுமை இல்லை. அவர்கள் பெயர்களை எழுதி, என் விரல்களையே மையில் தொட்டு வைத்தேன். பத்து விரலும் தீர்ந்ததும் முதல் கட்டைவிரலையே கொஞ்சம் சாய்த்து வைத்தேன். குமாஸ்தா பார்க்காமலே உறையில் போட்டார்.

சில மாதம் கழித்துத் திரும்பிய அன்று அக்கா சிறையிலிருந்து வந்த கடிதத்தை நீட்டினாள். மனு நிராகரிக்கப்பட்டது. கீழே தூக்கு நாள்.

"ஏன்னு போட்டுக்கீதா நைனா?"

"காரணம் எதுவும் போடலக்கா."

"அந்த மொதலாளிய கத்தினேனே, அத்தால இருக்குமா?"

"அதெல்லாம் இல்ல."

"பின்ன இன்னாத்துக்கு?"

வாயைத் திறந்தேன். "தெரியலக்கா" என்றுதான் வந்தது.

அவள் கடிதத்தை எடுத்துக்கொண்டு தியாகராய நகருக்கு நடந்தாள். மன்னிப்புக் கேட்டிருக்கிறாள். அந்த முதலாளி கடிதத்தின் பின்பக்கம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாராம்.

"இத்த டெல்லிக்கு அனுப்பு. போய்ச் சேருமில்ல?"

"சேரும்" என்றேன். தபாலில் போட்டேன். தூக்குக்கு இரண்டு நாள்தான் இருந்தது.

மறுநாள் ராத்திரியே அக்காவிடம் சொல்லாமல் வேறொரு லாரியில் ஏறினேன். தூக்கு நாள் விடியும்போது நெல்லூர் தாண்டியிருந்தோம். டிரைவர் டீ குடிக்க இறங்கினார். நான் இறங்கவில்லை. சீக்கிரம் வண்டியை எடுக்கச் சொல்லி உள்ளிருந்தே கத்திக்கொண்டிருந்தேன்.