சிஞ்ஞோராவின் ரஷ்ய நாவல்கள்

ரஷ்ய யதார்த்தவாதப் பரீட்சைக்காக இன்று நூலகத்தில் திறந்த நாவலில், சவர்க்காரத்தில் விரல்கள் வெடித்த வேலைக்காரி ஒருத்தி வந்தாள். இதே பக்கத்தை எட்டு வயதில் வாசித்திருக்கிறேன்.

அதை வாசித்தது, இத்தாலியில் லிபெர்த்தா வீதியில் அம்மா வீட்டுவேலை செய்த வீட்டில். தூசி தட்டப் புத்தகங்களை எல்லாம் இறக்கிவிட்ட அம்மாவுக்கு, எழுத்துத் தெரியாததால், திரும்ப அடுக்கத் தெரியவில்லை. புத்தகங்களை மாற்றி அடுக்கியதற்காகவே முன்பிருந்த வேலைக்காரியை வீட்டு எஜமானி சிஞ்ஞோரா வேலையிலிருந்து நிறுத்தியிருந்தார். பள்ளிக்கூடத்தில் இத்தாலியன் படித்த நான் ஆசிரியர்களின் பெயர்களை வாசித்து அகரவரிசையில் அடுக்கினேன். இடையில் ஒரு நாவலைத் திறந்து பார்த்தேன்.

“அம்மா, இந்த வேலைக்காரப் பொம்பிளைக்கும் உங்கடை கைதான்!”

“பிறகு கதை. கெதியா வை பிள்ளை, சிஞ்ஞோரா வாறா!”

வாசல் கதவில் சாவி திரும்பியது. சிஞ்ஞோரா அலமாரியை நெடுநேரம் பார்த்தார். “யார் அடுக்கியது?”

“என் மகள். வாசிப்பாள்,” என்றார் அம்மா உடைந்த இத்தாலியனில்.

வேலை தப்பியது. வீடு திரும்பும் பேருந்தில் அம்மா மெதுவாகக் கேட்டார்: “அந்தப் பொம்பிளைக்குப் பிறகு என்ன நடந்தது?”

மிச்சத்தை இன்றுதான் வாசிக்கிறேன்.